பொழியூர் உல்லாசப் படகுத் தொழில்

கேரளத்தின் நெய்யாற்றின்கரை வட்டத்தில், தமிழக எல்லையை ஒட்டிய பொழியூரிலும் அண்டைக் கிராமமாகிய பூவாரிலும், நெய்யாறு கடலொடு கலக்கும் கழிமுகத்தை ஆதாரமாகக் கொண்டு நடைபெறும் சுற்றுலாத் தொழில். கோவளத்துக்கு வரும் பிரயாணிகளால் வளர்ந்த இதில், வெளிப்புற எஞ்சின் பொருத்திய சிறு படகுகளே பிரதானம். கண்டல் மரங்களின் வேர்கள் இருபுறமும் நீரில் இறங்கி நிற்கும் குறுகிய ஓடைகள், ஆலப்புழைப் பாணியிலான பெரிய கெட்டுவள்ளங்களுக்கு (வீட்டுப் படகுகளுக்கு) ஏற்றவை அல்ல. ஆற்றையும் கடலையும் பிரிக்கும் மணல்திட்டே பயணத்தின் எல்லை. மழைக்கால வெள்ளத்தில் அதுவும் உடைபடும். திருவனந்தபுரத்தைக் கன்னியாகுமரியொடு இணைக்கும் நோக்குடன் 1860-இல் திருவாங்கூர் அரசு தொடங்கி, முற்றுப்பெறாது நின்ற அனந்த விக்டோரியா மார்த்தாண்டன் கால்வாயும் இப்பிரதேசத்தைச் சார்ந்ததே. அது நிறைவேறியிருப்பின் தொழிலின் பரப்பு வேறாயிருக்கும். படகுகளின் பதிவும் பரிசோதனையும் 2010-ஆம் ஆண்டின் கேரள உள்நாட்டு நீர்க்கல விதிகளுக்கும், 2021-ஆம் ஆண்டின் மத்திய உள்நாட்டு நீர்க்கலச் சட்டத்துக்கும் உட்பட்டவை.