சீருடையோடு வந்த நடிகர்

விமானி சார்லஸ் கிங்ஸ்ஃபோர்ட் ஸ்மித்தின் கதையான 'ஸ்மித்தி' (1946) சிட்னியில் தயாரானபோது, ஆஸ்திரேலிய விமானப்படை அதிகாரியாகச் சில நிமிடம் வந்துபோக ஓர் ஆள் தேவைப்பட்டார். போர் முடிந்து திரும்பியிருந்த சார்லஸ் டிங்வெல்லிடம் அந்தச் சீருடை சொந்தமாகவே இருந்தது. வேடம் அவருக்கே கிடைத்தது.

'பட்' என்று ஊரே அழைத்த டிங்வெல், 1923இல் சிட்னியின் கூஜி கடற்கரைப் பகுதியில் பிறந்தவர். பதின்ம வயதிலேயே சிட்னியின் 2சிஹெச் வானொலி அவர் குரலைச் சேர்த்துக்கொண்டது. பிறகு போர். மத்தியதரைக் கடல் வட்டாரத்தில் மஸ்கிட்டோ, ஸ்பிட்ஃபயர் விமானங்களில் பறந்து எதிரியின் நிலைகளைப் படம் பிடிக்கும் வேலை. திரும்பி வந்ததும் மறுபடி மைக்.

அன்றைய சிட்னியில் நடிகர் வீட்டில் அடுப்பு எரிந்தது வானொலி நாடகங்களால்தான். சினிமா எப்போதாவது வரும் விருந்தாளி. நம் பூர்ணம் விஸ்வநாதன் நினைவுக்கு வருகிறார். டெல்லி வானொலியில் தமிழ்ச் செய்தி வாசித்த குரல்தானே பின்னாளில் நமக்கு எத்தனையோ அப்பாக்களையும் மேலதிகாரிகளையும் தந்தது! குரலை நம்பிப் பிழைத்தவர்களுக்கு, முகத்தை மிகையாக அசைக்காமலே ஒரு மனிதரைக் கண்முன் நிறுத்தத் தெரிந்திருந்தது.

ஆனால் ஐம்பதுகளில் ஆஸ்திரேலியச் சினிமா வற்றிப்போனது. பிரிட்டன், அமெரிக்கக் கம்பெனிகள் வந்து படம் பிடித்துவிட்டுப் போகும் நிலமாக நாடு சுருங்கியது. பிழைப்புத் தேடி நடிகர்கள் கப்பலேறினார்கள். 'த டெசர்ட் ராட்ஸ்' (1953) படத்துக்காக ஹாலிவுட்டை எட்டிப் பார்த்த டிங்வெல்லும் பின்னர் லண்டன் போனார். 'எமர்ஜென்சி வார்ட் 10' தொலைக்காட்சித் தொடரில் அறுவை மருத்துவர். மார்கரெட் ரதர்ஃபோர்ட் மிஸ் மார்ப்பிளாக நடித்த நான்கு படங்களிலும் இன்ஸ்பெக்டர் கிராடக். கிழவியம்மா துப்புத் துலக்கிவிடுவார். இவர் பொறுமையிழந்து, பிறகு தலையாட்ட வேண்டும். அந்தப் பொறுமையின்மை உண்மையாக இருந்ததால்தான் கிழவியம்மாவின் வெற்றி இனித்தது. 1966இல் வந்த டிராகுலா படத்திலோ அவர் கழுத்தறுபட்டுத் தலைகீழாகத் தொங்க, வழியும் ரத்தத்தில் கிறிஸ்டோபர் லீயின் டிராகுலா சாம்பலிலிருந்து எழுவான். பிணமாகத் தொங்கியும் கதையை நகர்த்திவிட்டார்!

இதற்கிடையே மெல்பர்னில் காற்று திசைமாறியிருந்தது. கிராஃபோர்ட் நிறுவனம் 1964இல் தொடங்கிய 'ஹோமிசைட்' என்ற போலீஸ் தொடர் 1977 வரை, ஐந்நூறு பகுதிகளுக்கு மேல் ஓடியது. வாரம் ஒரு கொலை என்றால் வாரந்தோறும் புதிதாக ஒரு கொலைகாரன், ஒரு சாட்சி, அழுகிற மனைவி ஒருத்தி வேண்டும். துணை நடிகர்களுக்கு அது நிரந்தரச் சம்பளம் இல்லைதான்; ஆனால் தொழில் ஊரிலேயே இருந்தது, மக்களும் தங்கள் உச்சரிப்பைத் திரையில் கேட்டார்கள். 1973இல் நாடு திரும்பிய டிங்வெல் அதில் இன்ஸ்பெக்டர் ரெஜ் லாசன் ஆனார்.

1980இல் 'பிரேக்கர் மொராண்ட்' படத்தில் ராணுவ நீதிமன்றத் தலைவர். 1997இல் 'த காசில்'. மெல்பர்ன் விமான நிலைய விரிவாக்கத்துக்காக வீட்டைக் காலிசெய்யச் சொல்கிறார்கள். இழுவை லாரி ஓட்டுநர் ஒருவர் மறுக்கிறார். பரந்தூர் விமான நிலையச் செய்திகளைப் படித்தவர்களுக்கு இந்தக் கதையை விளக்கவே வேண்டாம். நீதிமன்ற வளாகத்தில் தற்செயலாக அறிமுகமாகும் ஓய்வுபெற்ற மூத்த வழக்கறிஞர், காசு வாங்காமல் உச்ச நீதிமன்றத்தில் அவருக்காக வாதாடுகிறார். அந்த வழக்கறிஞர்தான் டிங்வெல். பதினொரு நாளில் எடுத்த சிக்கனப் படம் அது. சுற்றிலும் நகைச்சுவை கொட்டுகிறது. இவர் மட்டும் ஒரு சிரிப்புக்கும் ஆசைப்படாமல், அரசு சொத்தை எடுத்தால் நியாயமான ஈடு தரவேண்டும் என்ற அரசியல் சட்டப் பிரிவை நிதானமாக எடுத்துவைக்கிறார். நான்கு சுவர்களைக் குடும்பத்தின் வீடாகப் பார்க்கவைப்பது அந்த நிதானம்.

நாயகனாக நடிக்க எழுபதைக் கடக்க வேண்டியிருந்தது என்று சொல்ல முடியாது. இளமையில் ஓரிரு படங்கள் கிடைத்தன. ஆனால் அவர் முழுத்திறமையையும் கேட்ட நாயக வேடம் 2000இல்தான் வந்தது. பால் காக்ஸ் இயக்கிய 'இன்னசென்ஸ்' படத்தில், இளமையில் பிரிந்த காதலியை முதுமையில் மீண்டும் சந்திக்கும் ஆண்ட்ரியாஸ். அரை நூற்றாண்டாக அடுத்தவர் வசனத்தை உற்றுக் கேட்டு நடித்தவர் என்பது அதில் ஒவ்வொரு காட்சியிலும் தெரிகிறது.

2009 மே மாதம் அவர் மறைந்தபோது, மெல்பர்ன் செயின்ட் பால் பேராலயத்தில் அரசு மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடந்தது.