ஒத்திகை இல்லாத நாடகத்துக்கு யார் இயக்குநர்?

புதுக்கோட்டை பக்கம் கோயில் திருவிழாவில் வள்ளி திருமணம் பார்த்தவங்களுக்கு இது தெரியும். முருகன் ஒரு ஊர், வள்ளி ஒரு ஊர், நாரதர் இன்னொரு ஊர். தனித்தனியா பேசி வரவழைச்சவங்க, சேர்ந்து ஒத்திகை பார்த்ததில்லை. ஆனாலும் விடிய விடிய நாடகம் நடக்குது. இதுக்குப் பேர் ஸ்பெஷல் நாடகம். இதோட இயக்குநர் யார்னு கேட்டா, 1922-ல் காலமான சங்கரதாஸ் சுவாமிகளைத்தான் நான் சொல்வேன்.

1867-ல் தூத்துக்குடி அருகே காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்துவிட்டு, 24 வயசில் நடிக்க வந்தார். எமன், சனீஸ்வரன், இரணியன், இராவணன்னு எல்லாமே மிரட்டுற வேஷங்கள். அவரை வேஷத்தில் பார்த்த ஒரு கர்ப்பிணிக்கு விபரீதம் நேர்ந்தது, அதோடு அவர் நடிப்பை விட்டார்னு ஒரு கதை உண்டு. அது சொல்றவங்களைப் பொறுத்து மாறும். மாறாத விஷயம், நடிகர் வாத்தியார் ஆனார் என்பது.

நாடகம் எழுதுவது, பாட்டு கட்டுவது, நடிப்பு சொல்லிக்கொடுப்பது, மேடையேற்றுவது எல்லாம் அன்னைக்கு வாத்தியார் வேலை. கொஞ்ச காலம் அதையும் விட்டுட்டு அவர் தீர்த்த யாத்திரை கிளம்பினார். 'சுவாமிகள்' ஆனது அப்படித்தான். அவரை மறுபடி நாடகத்துக்குத் திருப்பியது புதுக்கோட்டை. கஞ்சிராவைக் கச்சேரி வாத்தியமாக்கிய மான்பூண்டியா பிள்ளை அவரைத் தன் மகனைப்போல் வைத்துக்கொண்டார். லய நுணுக்கமும் அவரிடமிருந்து கிடைத்தது.

அதே காலகட்டத்தில் லண்டனில் ஹார்லி கிரான்வில்-பார்க்கர் என்ற நடிகரும் இயக்குநராக மாறினார். 1904 முதல் 1907 வரை கோர்ட் தியேட்டரில் நட்சத்திர நடிகரின் ஆதிக்கத்தைக் குறைத்து, குழுவாக நடிப்பதை முன்னே கொண்டுவந்தார். அவருடைய கருவி ஒத்திகை.

சுவாமிகளும் ஒத்திகை நடத்தியவர்தான். 1918-ல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கி, டி.கே.எஸ். சகோதரர்கள் உள்பட சிறுவர்களைப் பயிற்றுவித்தார். டி.கே. சண்முகத்துக்காக அபிமன்யு நாடகத்தை ஒரே ராத்திரியில் எழுதினாராம். ஆனா அவரோட பெரிய கருவி பிரதிதான். யார் எப்போ வரணும், எந்தப் பாட்டுக்கு எந்தப் பாட்டு பதில், தர்க்கம் எங்கே சூடு பிடிக்கணும், எல்லாம் பாட்டுக்குள்ளேயும் தாளத்துக்குள்ளேயும் இருக்கு. எங்க மென்பொருள் துறையில் இதைப் புரோட்டோகால்னு சொல்லுவோம். முன்பின் தெரியாத ரெண்டு கணினிகள் பேசிக்கிற மாதிரி, முன்பின் பழகாத ரெண்டு நடிகர்கள் மேடையில் சேர்ந்துக்கலாம்.

சுவாமிகளை நாடக ஆசிரியர்னு மட்டும் எழுதி வைக்கிறோம். அதனால நவீன நாடகத்துக்குத்தான் இயக்குநர் உண்டு, கிராமத்து மேடை தானா ஓடுதுன்னு ஒரு எண்ணம் வந்துடுது. தானா எதுவும் ஓடாது. அடுத்த தடவை திருவிழா நோட்டீஸைப் பாருங்க. ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், ஆர்மோனியம், மிருதங்கம் எல்லார் பேரும் இருக்கும். இயக்கம் யார்னு தேடிப் பாருங்க.