செங்கற்பட்டுத் தொகுதியும் நம் வாக்குரிமையும்

பாலாறும் செய்யாறும் வேகவதியும் ஒன்றுகூடும் இடம் நம் திருமுக்கூடல். நமக்கு அண்மையில் உள்ள உத்திரமேரூரின் குடவோலைக் கல்வெட்டைப் பற்றி ஒருநாள் வகுப்பில் பாடம் நடத்திக் கொண்டிருந்தேன். மாணவன் ஒருவன் எழுந்து, "ஐயா, அந்தக் குடத்தில் இட்ட ஓலைகளில் நம் தெருவார் பெயர் இருந்ததா?" என்று வினவினான். அவ்வினாவுக்கு விடை தேடியதன் பயனே இக்கட்டுரை.

முதற் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளைச் சேர்ந்தவை. குடவோலைக்குப் பெயர் எழுதப்பட வேண்டுமாயின், கால் வேலிக்கு மேல் இறை செலுத்தும் நிலம் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வேதக் கல்வியும் வேண்டும். அது பிராமணர் ஊரின் சபை. அதன் ஒழுங்கும் நேர்மையும் போற்றத்தக்கவையே. ஆயினும் அந்நிலத்தில் உழைத்தவர்க்கு அக்குடத்தில் ஓலை இல்லை என்பதையும் நாம் மறத்தல் ஆகாது.

ஓராயிரம் ஆண்டுகள் கழிந்தன. 1919ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டத்தின்படி சென்னை மாகாணச் சட்டசபைக்கு 1920இல் தேர்தல் நடைபெற்றது. அப்பொழுது செங்கற்பட்டு மாவட்டம் ஒரு தொகுதியாக அமைந்தது. முகமதியரல்லாதார் ஊரகத் தொகுதி என்பது அதன் வகை. நிலவுடைமையும் வரி செலுத்துதலுமே வாக்காளர் பட்டியலில் இடம்பெறுவதற்குரிய முதன்மையான தகுதிகள். நான்கு கோடிக்கு மேற்பட்ட மக்கள் வாழ்ந்த மாகாணத்தில் வாக்குரிமை பெற்றோர் ஏறத்தாழ 12½ இலட்சம் பேரே. மீண்டும் நிலமே அளவுகோல் ஆயிற்று!

நம் முன்னோரிடம் நிலம் ஏன் இல்லை? செங்கற்பட்டு மிராசு முறை ஓங்கிய மாவட்டம். ஊர் நிலத்தின் உரிமை மிராசுதாரரிடம் இருந்தது. நம்மவர் பண்ணையாட்களாகவும் படியாட்களாகவும் உழைத்தனர். குடியிருந்த மனைகூடப் பலருக்குச் சொந்தமன்று. இந்நிலையை மாவட்ட ஆட்சியராயிருந்த திரமென்கீர் 1891இல் அரசுக்கு அறிக்கையாக எழுதினார். அதன் பயனாக 1892இல் பிறந்த அரசாணையே பஞ்சமி நிலங்களுக்கு அடிப்படை. அந்நிலங்களிலும் பல காலப்போக்கில் பிறர் கைக்குச் சென்றன. நிலம் போனதனால் உணவு மட்டுமா போயிற்று? வாக்கும் போயிற்று.

ஆகவே ஒடுக்கப்பட்ட வகுப்பார் சட்டசபைக்குள் நுழைய நியமனமே வழியாக இருந்தது. தொடக்கத்தில் அவர்களுக்கு ஒதுக்கப்பட்ட நியமன இடங்கள் ஐந்து. பரங்கிமலையில் பிறந்த எம். சி. ராஜாவும், மதுராந்தகத்தை அடுத்த கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசனும் அவ்வாறே உறுப்பினர் ஆயினர். இருவரும் நம் மாவட்டத்து மண்ணில் பிறந்தவர்கள் என்பது நமக்குப் பெருமை. பொதுச் சாலைகளிலும் கிணறுகளிலும் எல்லா வகுப்பாருக்கும் உரிமை உண்டு என்ற தீர்மானத்தை 1924இல் கொண்டுவந்தவர் சீனிவாசன். எனினும் நியமன உறுப்பினரை அமர்த்துவது ஆளுநரின் விருப்பம். மக்களின் வாக்கு அன்று.

இக்குறையைத் தீர்க்கவே 1930இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டில் அண்ணல் அம்பேத்கரும் சீனிவாசனும் வயது வந்தோர் அனைவர்க்கும் வாக்குரிமை கோரினர். தனி வாக்காளர் தொகுதியும் கோரினர். 1932 ஆகஸ்டில் வெளியான வகுப்புவாரித் தீர்ப்பு சென்னை மாகாணத்தில் 18 தனி இடங்களை அளித்தது. காந்தியடிகள் உண்ணா நோன்பு மேற்கொண்டார். செப்டம்பர் 24 அன்று பூனா ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. சீனிவாசனும் ராஜாவும் அதில் ஒப்பமிட்டனர். இடங்கள் 30 ஆக உயர்ந்தன. தனி வாக்காளர் தொகுதி கைவிடப்பட்டது. முதலில் நம் வாக்காளர் மட்டும் நால்வரைத் தெரிந்தெடுப்பர். பின்பு அந்நால்வருள் ஒருவரை எல்லா வகுப்பு வாக்காளரும் சேர்ந்து தேர்ந்தெடுப்பர். இதுவே ஏற்பாடு.

1935ஆம் ஆண்டுச் சட்டப்படி 1937இல் புதிய தொகுதிகளில் தேர்தல் நடந்தது. 1920இல் தோன்றிய பழைய செங்கற்பட்டுத் தொகுதி அத்துடன் வரலாறாயிற்று. வாக்குரிமை விரிந்தது, கல்வித் தகுதியும் அதற்கு ஒரு வழியாயிற்று. ஆனால் சொத்துத் தகுதி முற்றும் நீங்கவில்லை. சென்னையின் 30 இடங்களுள் 26 காங்கிரசுக்குக் கிடைத்தன. இடம் நம்முடையது, முடிவு பெரும்பான்மையோர் கையில் என்ற மனக்குறை அன்றே எழுந்தது. அவ்விவாதம் இன்றும் ஓயவில்லை.

1952 பொதுத்தேர்தலில்தான் நிலமும் வரியும் கேட்கப்படாமல் நம் மக்கள் அனைவரும் வாக்களித்தனர். அப்போது சென்னைச் சட்டமன்றத்தில் 375 இடங்கள். 66 தொகுதிகள் இரட்டை உறுப்பினர் தொகுதிகள். அம்முறையும் 1961ஆம் ஆண்டுச் சட்டத்தால் நீங்கியது. 2009 முதல் காஞ்சிபுரம் மக்களவைத் தொகுதி தனித்தொகுதியாக உள்ளது.

இளைஞர்களே! குடத்து ஓலையில் இல்லாத பெயர், 1920இன் பட்டியலிலும் ஏறாத பெயர், இன்று வாக்காளர் பட்டியலில் ஏறுகிறது. அதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. வாக்குரிமை வயது 1989 முதல் 18. அவ்வயதை எட்டியவுடன் படிவம் 6 எழுதிப் பெயரைச் சேர்த்திடுக. உங்கள் தெருவில் விடுபட்ட முதியோர் பெயரையும் தேடிச் சேர்த்திடுக. வாக்கைக் காசுக்கு விற்பவன், சீனிவாசன் கடல் கடந்து சென்று கேட்டதைத் தெருவில் எறிகிறான்.

அன்று என்னை வினவிய மாணவனுக்கு என் விடை இதுதான்: "அக்குடத்தில் நம் பெயர் இல்லை, தம்பி. இன்றைய பட்டியலில் உண்டு. அதைக் காப்பது உன் கடமை."