‘யாதும்’ படமும் காயல் துறையும்

ஒருவர் தம் குடும்பத்திலிருந்தும் ஊரிலிருந்தும் கேள்வியைத் தொடங்கினால் அது எங்கே போய் முடியும்? கோம்பை எஸ். அன்வரின் ‘யாதும்’ (2013) ஆவணப்படத்தைப் பார்த்தபின் நமக்குள் எழுந்த கேள்வி இது. தேனி மாவட்டத்துக் கோம்பைக்காரரான அவர், தமிழ் முஸ்லிம் என்னும் தம் அடையாளத்தின் வேர்களைத் தேடிப் புறப்படுகிறார். ‘நான்’ என்று தொடங்கும் தேடல் விரைவிலேயே ‘நாம்’ ஆகிவிடுகிறது. கணியன் பூங்குன்றனார் பாட்டின் முதற்சொல்லைப் படத்துக்குப் பெயராக வைத்தது பொருத்தமே.

அதே கேள்வியோடு முத்துக்குளித்துறைக்குப் போவோம். தாமிரபரணி கொண்டுவந்த வண்டல் இங்கே துறைமுகங்களைக் கடலிடமிருந்து பிரித்தது. சங்கப் பாடல்கள் முத்துக்காகப் புகழ்ந்த கொற்கை இன்று கடல் விலகிப்போன சிற்றூர். அதன்பின் எழுந்தது காயல். 1290களில் மார்க்கோ போலோ எழுதிய காயல், பழையகாயலே என்று கால்டுவெல் கருதினார். அங்கே சீன, அரபு நாட்டுப் பானையோடுகளையும் கண்டார்.

மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தில் அத்துறையில் அரபுக் குதிரைகள் ஆயிரக்கணக்கில் இறங்கின. தகியுத்தீன் என்ற முஸ்லிம் பாண்டியனின் அமைச்சராக இருந்ததைப் பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப் குறித்துள்ளார். ஆக, இந்த உறவு படையெடுப்பில் பிறந்ததன்று, வணிகத்தில் விளைந்தது.

வணிகத்தோடு சமயமும் வந்தது. மொழி மட்டும் மாறவில்லை. தமிழ் முஸ்லிம்கள் இன்றும் ‘தொழுகை’ என்கிறார்கள், ‘நோன்பு’ என்கிறார்கள், ‘பள்ளிவாசல்’ என்கிறார்கள். காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் பழைய பள்ளிகளின் கல்தூண்களைச் செதுக்கிய கைகள் கோயில் மண்டபம் கட்டத் தெரிந்த கைகள். சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் அடங்கியிருப்பது இதே தூத்துக்குடி மாவட்டத்து எட்டயபுரத்தில். ‘நீங்கள் எங்கிருந்து வந்தவர்கள்?’ என்று கேட்பவருக்கு இதைவிட வேறென்ன விடை வேண்டும்?

ஆனால் நூல்களும் கல்வெட்டுகளும் அரசரையும் வணிகரையுமே பெரிதும் பேசுகின்றன. மூச்சடக்கிக் கடலடிக்குச் சென்றவன் அவற்றில் எண்ணிக்கை மட்டுமே. பரதவரும் கீழக்கரை முஸ்லிம்களும் ஒரே பாரில் மூழ்கிச் சிப்பி எடுத்தார்கள். தூத்துக்குடியின் கடைசி முத்துக்குளிப்பு 1961இல் முடிந்தது. அன்று பத்து வயதுச் சிறுவனாகக் கரையில் நின்று பார்த்தவருக்கு இன்று எழுபதைத் தாண்டிய வயது.

இங்கேதான் ஆவணப்படக்காரரின் அருமை நமக்குப் புரிகிறது. கல் காத்திருக்கும், பாட்டனார் காத்திருக்க மாட்டார். கடலோர வீடுகளின் திண்ணைகளில் இன்னும் சிலர் அந்தக் காலத்தைச் சொல்லக்கூடியவர்களாக இருக்கிறார்கள். அவர்கள் முன் ஒரு படக்கருவியை வைத்து, குறுக்கே பேசாமல் ஒரு பிற்பகல் உட்கார்ந்திருக்க நம்மில் எத்தனை பேர் தயார்?