மத்திய பூமியின் மந்திரக் குறிகள்

மத்திய பூமியின் மந்திரக் குறிகள்: ஆக்ஸ்ஃபோர்டு பேராசிரியர் ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) படைத்த கற்பனை உலகில் கதவு, வாள், மோதிரம், வரைபடம் முதலியவற்றில் வரும் எழுத்துகளும் சின்னங்களும். இவற்றுள் பெரும்பாலானவை இரு வரிவடிவங்களைச் சேர்ந்தவை. தெங்வார் பேனாவுக்கு ஏற்ற வளைவெழுத்து. கிர்த், கல்லிலும் மரத்திலும் செதுக்குவதற்கான கோண எழுத்து.

முதன்முதல் எழுத்து வகுத்தவர் வாலினோரில் வாழ்ந்த ரூமில் என்னும் எல்ஃப். அவரைப் பற்றிக் கதைநூல்கள் தரும் செய்தி ஏறக்குறைய அவ்வளவே. அவருக்குப் பின் ஃபியானோர் தெங்வாரை உருவாக்கினார். இதில் தண்டும் வளைவும் சேர்ந்து மெய்யெழுத்தாகின்றன; உயிரொலி, நம் உயிர்மெய்யில் போலவே, மெய்யோடு ஒட்டிய குறியாக நிற்கிறது. கிர்த் பெலேரியாந்தில் தோன்றியது. அதை முறைப்படுத்தியவர் தோரியாத் அரசவைப் பாணர் டைரோன் என்பர். டோல்கீனின் பிற்சேர்க்கை இதை எல்ஃபுகளின் மரபுச் செய்தி என்றே குறிக்கிறது.

இரண்டாம் யுகத்திலிருந்து விரிவாக அறியக் கிடைப்பவற்றுள் ஒன்று, குள்ளர்களின் மோரியாவின் மேற்கு வாயில். கதவைச் செய்தவன் நார்வி என்னும் குள்ளன். அதில் குறிகளை வரைந்தவர் எல்ஃப் கைவினைஞர் கெலெப்ரிம்போர். சுத்தியலும் பட்டடைக்கல்லும், ஏழு விண்மீன்கள் சூழ்ந்த முடி, இரு மரங்கள், நடுவில் ஃபியானோர் குலத்தின் விண்மீன். மித்ரில் என்னும் உலோகத்திலிருந்து ஆக்கிய இதில்தினால் இழைத்தவை என்பதால் இவை நிலவொளியிலும் விண்மீன் ஒளியிலும் மட்டுமே தெரியும். அப்போதும், மறக்கப்பட்ட சொற்களை அறிந்தவர் தொட்டாக வேண்டும். கதவைத் திறக்கும் சொல் மேல்வளைவில் பட்டவர்த்தனமாகவே எழுதியிருந்தது. மாயவித்தையில் பழம் தின்று கொட்டை போட்ட கேண்டால்ஃபுக்கு அது பிடிபட வெகுநேரம் ஆயிற்று.

மூன்றாம் யுகத்தின் இறுதி நூறு ஆண்டுகளுக்குச் சான்றுகள் ஏராளம். 2941-இல் குள்ளர் மன்னன் திரோரின் மலை வரைபடத்தை ரிவெண்டெல்லில் நிலவுக்கு எதிரே தூக்கிப் பிடித்த எல்ரோண்ட், அதில் நிலவெழுத்துகளைக் கண்டார். இவை குள்ளர்களின் கண்டுபிடிப்பு. வெள்ளிப் பேனாவால் எழுதப்படுபவை. எந்தப் பருவத்தில், எந்தப் பிறையில் எழுதினார்களோ அதே பருவத்தில், அதே பிறையில்தான் வாசிக்க முடியும். அந்த இரவு நழுவியிருந்தால் மலையின் ரகசியக் கதவின் சாவித்துளையைக் காட்டும் குறிப்பு அப்போது யார் கண்ணிலும் பட்டிருக்காது.

மோர்டோரின் இருள்தலைவன் சௌரோனின் தலைமை மோதிரத்தில் உள்ள பொறிப்பு இதற்கு நேர்மாறானது. அதை வெளிக்கொணர்வது தீ. நெடுங்காலத்துக்கு முன் மன்னர் இசில்டூர் சௌரோனிடமிருந்து கைப்பற்றியபோது மோதிரம் கனன்றுகொண்டிருந்தது. ஆற ஆற எழுத்து மங்கியதை அவர் ஓலையில் எழுதி, மறைவதற்குள் வடிவத்தையும் படியெடுத்து வைத்தார். மீண்டும் சூடாக்கினால் எழுத்து திரும்பக்கூடும் என்று அவருக்குத் தோன்றியும், பொன்னுக்கு ஊறு வருமே என்று விட்டுவிட்டார். அந்த ஓலையை மினாஸ் திரித்தில் தேடிப் படித்த கேண்டால்ஃப், 3018 ஏப்ரலில், மோதிரத்தை வைத்திருந்த ஃப்ரோடோவின் கணப்படுப்பில் அதை இட்டார். உள்ளும் புறமும் மெல்லிய தீக்கோடுகள் ஓடின. எழுத்து எல்ஃபுகளுடையது, மொழி மோர்டோருடையது. ஆற்றல் அந்த எழுத்தில் இருந்ததா, மோதிரத்தின் ஆற்றலுக்கு எழுத்து வெறும் அடையாளமா என்பதற்கு நூலில் நேர் விடை இல்லை. எழுத்து மறைந்திருந்த காலத்திலும் மோதிரம் தன் வேலையைக் காட்டியதால், பின்னதே பொருத்தம் எனலாம்.

எல்லாக் குறியிலும் மந்திரம் இல்லை. மோரியாவில் குள்ளன் பாலினின் கல்லறையில் உள்ள கிர்த் அவன் பெயரையும் தந்தை பெயரையும் பட்டத்தையும் மட்டுமே சொல்கிறது. வெதர்டாப் குன்றின் கல்லில் இருந்த கீறல்களை கேண்டால்ஃபின் முதலெழுத்தும் அக்டோபர் 3 என்ற தேதியுமாக ஃப்ரோடோவின் வழித்துணை ஆரகோர்ன் ஊகித்தாரே தவிர, உறுதியாகச் சொல்லவில்லை. வஞ்சக மாயாவி சாருமானின் ஓர்க்குகள் தலைக்கவசத்தில் அவன் பெயரின் முதலெழுத்தை அணிந்திருந்தன; சௌரோனோ தன் உண்மைப் பெயரை எழுதவே விடுவதில்லை.

நான்காம் யுகத்துக்கு உள்ள சான்று, ஆரகோர்ன் அரசராக ஃப்ரோடோவின் தோழன் சாமுக்குத் தெங்வாரில் எழுதிய மடல். 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நூலின் கைவிடப்பட்ட பின்னுரையில் இருந்த அது 1992-இல்தான் அச்சேறியது.

நூல்களின் அச்சு வரலாறு தனிக்கதை. 1937-இல் வந்த 'தி ஹாபிட்' நூலில் இருப்பவை கிர்த் அல்ல, பழைய ஆங்கிலேய ரூன்கள். கிர்த், தெங்வார் இரண்டின் விளக்கமும் 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' (1954–55) பிற்சேர்க்கையில் இடம்பெற்றது. மோரியாவில் கிடைத்த மஸார்புல் ஏட்டின் சிதைந்த பக்கங்களை டோல்கீன் தம் கையாலேயே செய்தார்: ஓரங்களைப் புகைக்குழாயால் கருக்கி, துளையிட்டு, இரத்தக் கறைக்குச் செந்நிறம் தீட்டினார். செலவு கட்டாது என்று பதிப்பகம் மறுத்தது. நாவலுக்குள் அவை சேர்ந்தது 2004-ஆம் ஆண்டுப் பொன்விழாப் பதிப்பில். ஒரு வாசகர் மோதிரப் பொறிப்பைச் செதுக்கி அனுப்பிய எஃகுக் கோப்பையில் டோல்கீன் ஒருநாளும் பருகவில்லை. புகையிலைச் சாம்பல் தட்ட வைத்துக்கொண்டார்.

2001-இல் தொடங்கிய திரைப்படங்கள் மோதிரப் பொறிப்பைப் பரவலாக்கின. யூனிகோடில் தெங்வாருக்கும் கிர்த்துக்கும் முன்மொழிவுகள் உண்டு, இடம் கிடைக்கவில்லை. டோல்கீன் பயன்படுத்திய ரூன் எழுத்துகளில் மூன்று மட்டும் 2014-இல் சேர்க்கப்பட்டன.