துடுப்புப் பிடித்தோரும் மண்வெட்டி பிடித்தோரும்

கி.மு. 480இல் பாரசீகப் பேரரசன் செர்க்சஸ் கிரேக்க நாட்டின்மீது படையெடுத்தான். சலாமிஸ் நீரிணையில் அவனது கப்பற்படை சிதறுண்டது. அவ்வெற்றியைத் தேடித் தந்தோர் யாவர்? சொந்தச் செலவில் கவசமும் வேலும் வாங்கிக் களம் புகுந்த நிலவுடைமையாளர் அல்லர். கலம் ஒன்றுக்கு 170 பேராகத் துடுப்பு வலித்தவர்களே. ஏதென்ஸின் கலங்களில் அவர்களுட் பெரும்பாலோர் ஏழைக் குடிகள். போருக்குப்பின் மன்றத்தில் அவர்கள் குரல் ஓங்கிற்று. கி.மு. 462இல் எஃபியால்டிஸ் முதலியோர் உயர்குடியினர் அவையின் அதிகாரங்களைக் குறைத்தனர். (அக்கலங்களைக் கட்டுவதற்கான வெள்ளியை லாரியன் சுரங்கங்களில் தோண்டிய அடிமைகளுக்கோ எவ்வுரிமையும் கிட்டவில்லை.)

நம் பக்கம் வருவோம். பூவிருந்தவல்லி ஒரு காலத்தில் வெள்ளையரின் படைத்தளம். சென்னைப் படையில் ஆதிதிராவிடர் திரளாகச் சேர்ந்தனர். 1780இல் தோன்றிய பயோனியர் படை பின்னாளில் ‘சாப்பர்ஸ் அண்டு மைனர்ஸ்’ ஆயிற்று. பாதை வெட்டவும், பாலம் கட்டவும், கோட்டைச் சுவருக்கு வெடி வைக்கவும் அவர்கள் கைகளே முன்னின்றன. ஊர்க்கிணற்றை அணுகக் கூடாதவர் கோட்டையைத் தகர்க்கலாம் என்பது அன்றைய நியாயம்!

படைவாழ்வு ஊதியத்தோடு எழுத்தையும் தந்தது. டாக்டர் அம்பேத்கரின் தந்தை ராம்ஜி சக்பால் இராணுவப் பள்ளி ஆசிரியர். ஆனால் 1880களில் சென்னைப் படைத்தலைவராகவும், பின் இந்தியப் படைத்தலைவராகவும் விளங்கிய ராபர்ட்ஸ் ‘போர்க்குலம்’ என்னும் கொள்கையை வளர்த்தார். தென்னாட்டுப் பிரிவுகள் குறைக்கப்பட்டன. சாப்பர் படை நிலைத்தது. 1890களில் மகர்களுக்குக் கதவு அடைபட்டது. அங்கே போரிட்டவர் மன்றம் ஏறினர். இங்கே போரிட்டவரையே போர்க்குலம் அல்லர் என்றனர்.

இரண்டாம் உலகப் போரில் ஆள் வேண்டியிருந்தது. 1941இல் மகர் ரெஜிமெண்ட் எழுந்தது. அப்போரின்போதுதான் நம் ஆவடியும் படைத்தளமாயிற்று.