உரிமையியல் சீராய்வு மனு (இந்தியா)

உரிமையியல் சீராய்வு மனு என்பது, இந்தியாவில் கீழமை உரிமையியல் நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவில் உயர் நீதிமன்றம் தலையிட வேண்டுமெனக் கோரும் மனு ஆகும். மேல்முறையீட்டில் சாட்சியங்களும் சட்டமும் முழுமையாக மீளாய்வு செய்யப்படும். சீராய்வில், கீழமை நீதிமன்றம் தன் அதிகார வரம்புக்குள் முறையாகச் செயற்பட்டதா என்பதே முதன்மையான வினாவாகும்.

சட்ட அடிப்படை

1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 115ஆம் பிரிவு சீராய்வு அதிகாரத்தை வழங்குகிறது. மேல்முறையீட்டுக்கு இடமில்லாத உத்தரவுகளில் மட்டுமே இதனைப் பயன்படுத்த இயலும். தலையீட்டுக்கான காரணங்கள் மூன்று:

1. இல்லாத அதிகாரத்தைக் கீழமை நீதிமன்றம் பயன்படுத்தியிருத்தல்
2. உள்ள அதிகாரத்தைப் பயன்படுத்தத் தவறியிருத்தல்
3. அதிகாரத்தைப் பயன்படுத்துகையில் சட்டத்துக்கு மாறாகவோ பெரும் முறைகேட்டுடனோ நடந்திருத்தல்

இதனின்றும் வேறானது அரசியலமைப்பின் 227ஆம் உறுப்பு வழங்கும் கண்காணிப்பு அதிகாரம். இதன் வேர் 1861ஆம் ஆண்டின் உயர் நீதிமன்றங்கள் சட்டத்தில் உள்ளது. கீழமை நீதிமன்றங்களை வரம்புக்குள் நிறுத்துவதே இதன் நோக்கம், வெறும் பிழைகளைத் திருத்துவதன்று என உச்ச நீதிமன்றம் 1954இல் தெளிவுபடுத்தியது.

1999ஆம் ஆண்டுத் திருத்தம்

நிலுவை வழக்குகளில் ஒவ்வோர் இடைக்கால உத்தரவுக்கும் சீராய்வு கோரப்பட்டதால் விசாரணைகள் தேங்கின. எனவே 1999இல் இயற்றப்பட்டு, 2002 சூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் 115ஆம் பிரிவைச் சுருக்கியது. இதன்படி, மனுதாரர் கோரியவாறே கீழமை நீதிமன்றம் உத்தரவிட்டிருந்தால் வழக்கே முடிவுக்கு வந்திருக்கும் என்ற நிலையில் மட்டுமே உயர் நீதிமன்றம் அவ்வுத்தரவை மாற்ற இயலும்.

எடுத்துக்காட்டாக, வழக்குரையை நிராகரிக்கக் கோரும் பிரதிவாதியின் மனு (கட்டளை 7, விதி 11) தள்ளுபடியானால் சீராய்வு கோரலாம். அம்மனு ஏற்கப்பட்டிருந்தால் வழக்கு முடிந்திருக்கும். வழக்குரையைத் திருத்தக் கோரிய வாதியின் மனு தள்ளுபடியானால் இப்பிரிவு உதவாது.

227ஆம் உறுப்பின் அதிகாரத்தை இத்திருத்தம் குறைக்கவில்லை. அவ்வதிகாரம் அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்தது என 1997இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது.

தலையிடத் தக்க நிலைகள்

தவறான இடைக்கால உத்தரவுகளுள் பல, பின்னர் திருத்தப்படக் கூடியவை. வழக்கின் முடிவைப் பாதித்த பிழையை இறுதி மேல்முறையீட்டில் எழுப்ப 105ஆம் பிரிவு இடமளிக்கிறது. ஆனால் இடிக்கப்படவுள்ள சுவரைப் பார்வையிட வழக்கறிஞர் ஆணையரை அமர்த்த மறுக்கப்பட்டால், அச்சான்று மேல்முறையீட்டின்போது இருக்காது. இத்தகைய ஈடுசெய்ய முடியாத இழப்பும் அதிகார மீறலும் ஒருங்கே தோன்றும்போது தலையீட்டின் தேவை வலுவாகிறது.

மறுபுறம், விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை எதிர் தூத்துக்குடி கல்விச் சங்கம் வழக்கில் (2019), நடைமுறைச் சட்டத்திலேயே மேல்முறையீட்டு வழி இருக்கையில் 227ஆம் உறுப்பை நாடுவதற்கு ஏறத்தாழ முழுத் தடை உண்டு என உச்ச நீதிமன்றம் கூறியது. 227ஆம் உறுப்பின் கீழ் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்குரையை நிராகரித்த உத்தரவை 2025இல் உச்ச நீதிமன்றம் இரத்து செய்தது. அக்கோரிக்கையை முதலில் விசாரணை நீதிமன்றமே ஆராய வேண்டும் என்பது இதன் பொருள். உரிமையியல் நீதிமன்ற உத்தரவுகளை எதிர்த்து 226ஆம் உறுப்பின் கீழ் நீதிப்பேராணை கோர இயலாது என்பது 2015இல் உறுதியானது.

இடைக்காலத் தடை

சீராய்வு மனு தாக்கல் செய்வதனால் மட்டும் விசாரணை நின்றுவிடாது. உயர் நீதிமன்றம் தனியே தடை விதிக்க வேண்டும். அத்தகைய தடை, நீட்டிக்கப்படாவிடில் ஆறு மாதங்களில் தானாகவே காலாவதியாகும் என 2018இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2024 பெப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதனை மாற்றியமைத்தது. நீதிமன்றம் மனுவை விசாரிக்காத காலத்துக்காக, தடை பெற்றவரின் பாதுகாப்பு பறிபோகக் கூடாது என்பது அதன் காரணங்களுள் ஒன்றாகும்.